கல்லைச் செதுக்கி நேரத்தை நகர்த்துவோர்: ஒரு கற்பனை இரகசியக் குழுவைத் திருகோணமலையில் உருவாக்கும் முறை

சிறுகதை எழுதத் தொடங்குபவர்களுக்கு இரகசியக் குழுக்களின் மீது ஒரு மோகம் இருப்பது வழக்கம். எனக்கும் இருந்தது. கல்லைச் செதுக்கிக் காலத்தை ஆளும் ஒரு குழுவைப் பற்றி நான் எழுதிய முதற்கதையில், ஒருவர் பாறையைத் தொட்டதும் கோணேசர் மலையடியில் அலை அந்தரத்தில் நின்றது. எங்கள் ஒழுங்கையில் அம்மி பொளிந்து வந்த பெரியவர் ஒருவர் அதை வாசித்துவிட்டுக் கேட்டது ஒரே கேள்விதான்: "தம்பி, அந்தாள் எந்த உளியால கொத்தினவர்?" என்னிடம் பதில் இருக்கவில்லை. அக்கதையை ஒதுக்கிவிட்டு, அதே குழுவை உளியிலிருந்து தொடங்கி மறுபடி கட்டிய முறையையே இங்கே எழுதுகிறேன். குழு முழுக்கக் கற்பனை. ஊரும் வெயிலும் கணக்கும் உண்மை.

படி 1: "நேரத்தை மாற்றுதல்" என்பதன் பொருளை முடிவு செய்யுங்கள்

காலத்தை நிறுத்துவது, பின்னோக்கி ஓட்டுவது ஆகியவற்றை முதலில் விலக்கிவிடுங்கள். "இப்போது என்ன நேரம்" என்று சொல்லும் உரிமை எவரிடம் இருக்கிறதோ அவரிடமே உண்மையான ஆட்சி இருக்கிறது என்பதை நம் ஊர்க்காரருக்கு விளக்க வேண்டியதில்லை. 1996 மே மாதத்தில் மின்சாரத்தை மிச்சப்படுத்துவதற்காக அரசாங்கம் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது. அதே ஆண்டு ஒக்டோபரில் அரை மணித்தியாலம் பின்னே இழுத்தது. 2006 ஏப்ரலில்தான் பழைய நேரத்துக்குத் திரும்பியது. இடைப்பட்ட பத்து ஆண்டுகளும் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த பகுதிகளில் பழைய நேரமே புழங்கியதால், ஒரே மாவட்டத்துக்குள் இரண்டு நேரங்கள் இருந்தன. திருமண அழைப்பிதழைக் கையில் வாங்கியதும் "பழைய நேரமா, புதிய நேரமா" என்று கேட்ட தலைமுறைக்கு, நேரத்தை நகர்த்த மந்திரம் தேவையில்லை என்பது தெரியும். உங்கள் குழு அந்த வேலையைக் கல்லால் செய்யட்டும்.

படி 2: காலத்தையும் இடத்தையும் தெரிவு செய்யுங்கள்

கோணேசர் மலையிலுள்ள பாறைப் பிளவான இராவணன் வெட்டைத் தொடாதீர்கள். அது எல்லாரும் எடுத்து எடுத்துத் தேய்ந்துபோன இடம்.

போர்த்துக்கீசர் 1620களில் கோணேசர் கோயிலை இடித்து, அக்கற்களைக் கொண்டு கோட்டை கட்டினார்கள். இன்றைய பிரட்றிக் கோட்டை வாயிலில் இரட்டைக் கயல் சின்னமும் சிதைந்த தமிழ்க் கல்வெட்டு வரிகளும் இருப்பதைக் கோயிலுக்குப் போகும் எவரும் பார்க்கலாம். 1950இல் மலைப்பகுதியில் கிணறு தோண்டியபோது பழைய வெண்கலத் திருவுருவங்கள் வெளிப்பட்டன. ஆகவே கதையை இடிப்புக்கு முன் நடத்தினால், குழு செதுக்கிய கல் இன்று எங்கே என்ற கேள்விக்குப் பதில் தானாகவே கிடைத்துவிடுகிறது: கோட்டைச் சுவரில், எழுத்துப் பக்கம் உள்நோக்கித் திரும்பியபடி.

படி 3: கல் எப்படி வேலை செய்கிறது என்பதைக் கணக்கிடுங்கள்

தொடக்க எழுத்தாளர்கள் தாண்டிச் செல்லும் படி இதுதான். நான் இதில்தான் அதிக நாள் செலவிட்டேன்.

நம் சிற்ப மரபில் சங்கு என்பது செங்குத்தாக நடப்படும் கோல். அதைச் சுற்றி ஒரு வட்டம் வரைந்து, காலையிலும் பிற்பகலிலும் நிழல்நுனி வட்டத்தைத் தொடும் இரு புள்ளிகளை இணைத்தால் கிழக்கு மேற்குக் கோடு கிடைக்கும். அதற்குச் செங்குத்தாகத் தெற்கு வடக்குக் கோட்டை வரையலாம். இது ஊரறிந்த முறை. குழுவின் இரகசியமாக நான் வைத்தது இன்னொன்று: வடக்கு நோக்கிச் சாய்த்துப் பதித்த ஒரு செப்புத் தகடு. அதன் நிழல் கல்லில் வெட்டிய மணிக்கோடுகளின்மேல் விழுந்து நேரம் காட்டும், அதாவது அது ஒரு நிழற்கடிகாரம். தகடு சாய வேண்டிய கோணம் அந்த ஊரின் அகலாங்குக்கு, அதாவது நிலநடுக்கோட்டிலிருந்து அது விலகியிருக்கும் பாகைக்கு, சமமாக இருக்க வேண்டும். திருகோணமலையின் அகலாங்கு ஏறத்தாழ எட்டரைப் பாகை என்பதால், தகடு கல்லின்மேல் படுத்துக் கிடப்பதைப் போலவே இருக்கும்.

இந்தத் தாழ்ந்த சாய்வில்தான் கதை இருக்கிறது. தகட்டின் அடியிலிருந்து 30 சென்ரிமீற்றர் தள்ளிப் பார்த்தால், நண்பகல் கோட்டுக்கும் பிற்பகல் ஒரு மணிக் கோட்டுக்கும் இடையிலான தூரம் வெறும் 1.2 சென்ரிமீற்றர்தான், மூன்று மணிக்கோடுகூட நாலரை சென்ரிமீற்றருக்குள் வந்துவிடும். ஒரு நாழிகை 24 நிமிடம் என்று கொண்டால், உளி அரை விரல் அகலம் விலகினால் ஏறத்தாழ இரண்டு நாழிகை பிழைத்துப்போகும். வடக்கே, அகலாங்கு கூடிய நாடுகளில் கோடுகள் அகன்று நிற்பதால், கோட்டினை விலக்கிக் கொத்தும் இந்த மோசடி உடனே கண்ணுக்குத் தெரிந்துவிடும். நம் ஊரின் கல்லில் அது ஒரு கொத்துப் பிசகாகவே தோன்றும்.

கல்லையும் கவனித்துத் தெரிவு செய்யுங்கள். தட்டும்போது மணிபோல் ஒலிப்பதை ஆண் கல் என்றும், அதைவிட மென்மையாக ஒலிப்பதைப் பெண் கல் என்றும், ஒலியற்றதை அலிக் கல் என்றும் சிற்பிகள் பிரித்தார்கள். பொய் சொல்லப்போகும் கல்லுக்கு நான் ஒலியற்றதையே கொடுத்தேன்.

படி 4: இரண்டு நாழிகையால் எவருக்கு இலாபம்?

உச்சிக்காலப் பூசை, முகூர்த்தம், தோணி புறப்படும் வேளை என்று பல வழிகள் உண்டு. ஆயினும் வயலுக்குப் பாயும் நீர்முறையைப் போல எதுவும் கூர்மையாக இல்லை. நிழல் நண்பகல் கோட்டைத் தொடும்வரை மேட்டு வயலுக்கு நீர், தொட்டபின் பள்ளத்து வயலுக்கு என்று ஒரு கற்பனைக் கிராமத்தில் ஒழுங்கு இருப்பதாகக் கொள்ளுங்கள். முற்பகலில் நிழல் மேற்குப் பக்கமிருந்து நண்பகல் கோட்டினை நோக்கி நகரும். அந்தக் கோட்டினை அரை விரல் கிழக்கே கொத்திவிட்டால், நிழல் பிந்தித் தொடும். மேட்டு வயல் இரண்டு நாழிகை கூடுதலாகக் குடிக்கும். பள்ளத்துப் பயிர் கருகும்.

படி 5: ஆட்களைக் குறைத்து வையுங்கள்

மூவர் போதும்: கல் பார்ப்பவர், செங்காவி தோய்த்த நூலால் கோடு போடுபவர், கொத்துபவர். கொத்துபவருக்குக் காரணம் சொல்லப்படுவதில்லை. குழுவுக்குப் பெருமிதமான பெயர் சூட்டாதீர்கள். ஊர் அவர்களைக் "கல்லுக்காரர்" என்று மட்டும் அழைக்கட்டும்.

படி 6: அகப்பட ஒரு நாளைக் கொடுங்கள்

சூரியன் நம் தலைக்கு நேரே வருவது ஆண்டுக்கு இரண்டு முறை: ஏப்ரல் 12ஐ ஒட்டியும், ஓகஸ்ட் கடைசியிலும். அந்நாளின் நண்பகலில் செங்குத்தாக நட்ட கோலுக்கு நிழலே விழாது. மற்ற நாள்களில் நிழல் மிகக் குறுகும் கணத்தைக் காத்திருந்து பிடிக்க வேண்டும். அன்றோ ஒரு குழந்தைக்கும் நண்பகல் தெரியும். சித்திரைப் புத்தாண்டை ஒட்டி இது வருவதால், ஊரே விழித்திருக்கும் வேளையில் குழு தன் பொய்யைத் திருத்தியாக வேண்டும்.

திருத்துவது எப்படி? நான் அந்தப் பெரியவரிடமே கேட்டேன். "கொத்தினது கொத்தினதுதான் தம்பி. பிழைச்சால் சுத்திவர முழுக்கல்லையும் இறக்கோணும்" என்றார். அதாவது, கோடு எவ்வளவு ஆழமோ அவ்வளவுக்குப் பலகை முழுவதையும் கொத்தித் தாழ்த்தி, தகட்டைக் கழற்றி மறுபடி பதித்து, எல்லாக் கோடுகளையும் புதிதாக வெட்ட வேண்டும். ஒவ்வொரு திருத்தத்துக்கும் கல் மெலியும். ஊரார் எவரும் மேற்பரப்பில் தடயம் தேடிப் பயனில்லை. பலகையின் தடிப்பை ஆண்டுதோறும் அளந்தவனுக்கே உண்மை தெரியும்.

படி 7: முதற்காட்சியை எழுதுங்கள்

உளியிலிருந்து தொடங்குங்கள். கொல்லன் உலையில் காய்ச்சி அடித்து அடித்து அரைவாசியாகிப்போன குட்டை உளி அது. பிடிக்கும் இடத்தில் வியர்வை கறுத்திருக்கிறது. கொத்துபவர் இரவு முழுவதும் வேலை செய்தும் பலகையில் பாதியைத்தான் தாழ்த்தியிருக்கிறார். வெளியே வெயில் ஏறிவிட்டது. பள்ளத்து வயல்காரரின் மகள் பூவரசந்தடி ஒன்றை மண்ணில் நேராக ஊன்றிவிட்டு, அதைச் சுற்றி நிழலைத் தேடுகிறாள். தடிக்கு நிழல் இல்லை. அவள் எழுந்து கல்லிருக்கும் பக்கம் நடக்கத் தொடங்கும் இடத்தில் காட்சியை நிறுத்துங்கள்.