உறுதிபூசுதல்: நம் வீடுகளில் நடக்கும் தவறுகள்

திருமுழுக்குப் பெற்றவரைத் தூய ஆவியால் உறுதிப்படுத்தும் உறுதிபூசுதலைக் கொடுக்க ஆயர் (பிஷப்) வரும் தேதியைப் பூசை முடிவில் அறிவித்துவிட்டால் போதும், மலேசியாவின் தெலுக் இந்தான் சுற்றுவட்டாரத் தோட்டங்களில் உள்ள நம் வீடுகளில் பேச்சு தொடங்கிவிடும். புதுத்துணி எங்கே எடுப்பது, சாப்பாட்டுக்கு எத்தனை பேர் என்ற பேச்சோடு "இதோட பிள்ளைக்குச் சர்ச் படிப்பு முடிஞ்சது" என்ற ஒரு வார்த்தையும் வரும். மறைக்கல்வி கற்பிக்கும் எனக்கு மிகவும் வலிக்கிற வார்த்தை அது. மற்ற தவறுகள் பலவும் இதிலிருந்துதான் கிளைக்கின்றன.

திருமுழுக்கு, உறுதிபூசுதல், நற்கருணை ஆகிய மூன்றும் புகுமுக அருட்சாதனங்கள், அதாவது இறையருளைத் தரும் திருச்சடங்குகள். திருச்சபை வாழ்வுக்குள் நுழைய வைப்பவை அவை. நம் பிள்ளைகளுக்கு உறுதிபூசுதல் கடைசியில் வருவதால் அது படிப்பு முடித்த விழா போலத் தோன்றுகிறது. அந்த வரிசைக்கும் ஒரு வரலாறு உண்டு. 1910இல் திருத்தந்தை பத்தாம் பயஸ், ஏழு வயது வாக்கிலேயே பிள்ளைகள் புதுநன்மை (முதல் நற்கருணை) வாங்கலாம் என்று வழி திறந்தார். பல இடங்களில் உறுதிபூசுதல் மட்டும் பழைய வயதிலேயே நின்றுவிட்டது. கீழைத் திருச்சபைகள் பலவற்றிலோ, கைக்குழந்தைக்குத் திருமுழுக்குக் கொடுத்த கையோடு உறுதிபூசுதலும் கொடுக்கிறார்கள். பால்குடி மாறாத அந்தக் குழந்தை எந்தப் பாடத்தை முடித்தது? தகுதி பார்த்துத் தரும் பரிசாக இருந்தால் அப்படிக் கொடுக்கவே முடியாது.

"என் நம்பிக்கையை நானே உறுதி செய்யுறேன்" என்று பிள்ளைகள் சொல்வதும் பாதிதான் சரி. திருமுழுக்கு வாக்குறுதிகளை அவர்கள் தம் வாயால் புதுப்பிக்கிறார்கள், உண்மை. ஆனால் உறுதிப்படுத்துபவர் தூய ஆவியார். திருத்தூதர் பணிகள் எட்டாம் அதிகாரத்தைப் படித்துப் பாருங்கள். சமாரியர் ஏற்கெனவே திருமுழுக்குப் பெற்றவர்கள். பேதுருவும் யோவானும் போய் இறைவேண்டல் செய்து, அவர்கள்மேல் கைகளை வைத்த பிறகே தூய ஆவியைப் பெற்றார்கள்.

இன்றும் ஆயர் கைகளை விரித்து மன்றாடுகிறார். பிறகு பெருவிரலைக் கிறிஸ்மா தைலத்தில் தொட்டு நெற்றியில் சிலுவை வரைகிறார். அது நறுமணப் பொருள் கலந்த ஒலிவ எண்ணெய், ஆயரே அர்ச்சித்தது. அதனால் முன்முடி நெற்றியில் விழாமல் பின் குத்தி அனுப்புங்கள், பவுடரும் வேண்டாம். பிள்ளை இருக்கைக்குத் திரும்பியதும் போட்டோவுக்காக டிஷ்யூ எடுத்துத் துடைக்கும் அம்மாக்களைப் பார்த்திருக்கிறேன். தயவுசெய்து விட்டுவிடுங்கள். அந்த வாசம் வீடு வரைக்கும் வரட்டும். "ஆயர் கன்னத்துல அறைவாரு" என்று பாட்டிமார் சொல்லக் கேட்டுப் பயப்படும் பிள்ளைகளுக்கு ஒரு வார்த்தை: 1971இல் சடங்குமுறை புதுப்பிக்கப்பட்டபோதே அது எடுக்கப்பட்டுவிட்டது.

பிள்ளையோடு நின்று அதன் நம்பிக்கை வாழ்வுக்குத் துணையிருக்கும் ஞானப்பெற்றோரைத் தேர்ந்தெடுப்பதில்தான் நாம் அதிகம் சறுக்குகிறோம். "மாமா கே.எல்.ல (கோலாலம்பூர்) நல்ல வேலையில இருக்காரு டீச்சர், அவரையே வெச்சுக்கலாமா?" என்று கேட்பார்கள். மாமா பூசைக்குப் போகிறாரா என்று திருப்பிக் கேட்டால் பதில் வராது. திருச்சபைச் சட்டப்படி ஞானப்பெற்றோராக நிற்பவருக்குப் பொதுவாக 16 வயது நிறைந்திருக்க வேண்டும். கத்தோலிக்கராக, உறுதிபூசுதலும் நற்கருணையும் பெற்றவராக, அந்தப் பொறுப்புக்கு ஏற்ப நம்பிக்கை வாழ்வு வாழ்பவராக இருக்க வேண்டும். பெற்ற தாயோ தந்தையோ அந்த இடத்தில் நிற்க முடியாது. திருமுழுக்கின் ஞானத்தாயோ ஞானத்தந்தையோ மறுபடி நிற்பது விரும்பத்தக்கது என்றும் சட்டம் சொல்கிறது. தங்கச் சங்கிலி போடுபவரைத் தேடாதீர்கள். எஸ்.பி.எம். (ஐந்தாம் படிவத் தேர்வு) முடிந்து பிள்ளை தடுமாறும்போது போன் எடுத்துப் பேசக்கூடியவரைத் தேடுங்கள். அதே லயத்தில் (தோட்ட வீட்டு வரிசையில்) ஜெபமாலை சொல்ல வைக்கும் அக்கா, நீங்கள் தேடும் ஆளாகவே இருக்கலாம்.

துணி தைக்கக் கொடுத்த தேதி நினைவிருக்கும், பாவசங்கீர்த்தனம் (சாமியாரிடம் பாவ அறிக்கை) செய்ய வேண்டிய நாள் மறந்துபோகும். அருள்நிலையில், அதாவது மனதில் பெரும்பாவம் இல்லாமல், இருந்து பெற வேண்டிய அருட்சாதனம் இது. ஆவியாரின் ஏழு கொடைகளைக் கிளிப்பிள்ளை போல ஒப்பிக்க வைப்பதும் போதாது. கூட்டாளிகள் கூப்பிடும் தப்பான இடத்துக்கு 'வரல' என்று சொல்லத் தேவைப்படும் துணிவுதான் ஆற்றல் என்ற கொடை. இப்படி ஒன்றிரண்டை வீட்டில் பேசினாலே பிள்ளைக்குப் பிடிபடும்.

கடைசியாகப் பெரியவர்களுக்கு. தோட்டத்தை விட்டு டவுனுக்கு மாறிய அலைச்சலில் புதுநன்மையோடு நின்றுபோன அண்ணன்மார், அக்காமார் நம்மிடையே இருக்கிறார்கள். "இந்த வயசுல எதுக்கு?" என்று ஒதுங்குகிறார்கள். இதற்கு வயது வரம்பு கிடையாது. பெரிய இடையூறு இல்லையென்றால் திருமணத்துக்கு முன்பே பெற்றுக்கொள்ளச் சொல்கிறது சட்டம். அதற்காகக் கல்யாணத் தேதி குறித்த பிறகு அவசரமாக ஓடிவரும் சடங்காக அதை ஆக்கிவிடாதீர்கள். கல்யாணம் ஆகிப் பேரப்பிள்ளை எடுத்தவர்களும் தாராளமாகப் பெறலாம். ஒருமுறை பெற்றவர்கள் மறுபடி பெற முடியாது என்பதால், பெற்றோமா இல்லையா என்ற சந்தேகம் இருந்தால் திருமுழுக்குப் பெற்ற பங்கில் பதிவேட்டைப் பார்க்கச் சொல்லுங்கள். இல்லை என்று தெரிந்தால், அடுத்த வகுப்பு எப்போது என்று பங்குச் சாமியாரிடம் கேளுங்கள்.