ஐ.பி. (திவால் மனு) போட்டா ஜப்தி நிக்குமா? ஈ.பி. (டிகிரியை நிறைவேத்தச் சொல்ற மனு) ஓடிட்டு இருக்கவங்களுக்கு

உரக்கடை பாக்கி, நெல்லு ஏவாரத்துல விட்ட காசு, புரோநோட்டு கடன் எல்லாம் சேந்து டிகிரி (பணத்தைக் கட்டச் சொல்ற கோர்ட்டு தீர்ப்பு) ஆகி, ஜப்திக்கு வர்ற கோர்ட்டு அமீனா வாசல்ல வந்து நிக்கிற நிலைமைக்கு வந்துட்டா, கும்பகோணமோ மன்னார்குடியோ மாயவரமோ, உடனே யாராவது ஒருத்தர் "மஞ்ச நோட்டீஸ் குடுத்துடுப்பா, ஒருத்தனும் கிட்ட வரமாட்டான்"னு, அதாவது திவால் மனு போடச் சொல்லிடுறாங்க. அதை நம்பி ஐ.பி.க்கு கோர்ட்டுல நம்பர் விழுந்ததும் ஈ.பி. வாய்தாவுக்குப் போகாம வீட்ல இருந்துடாதீங்க, நிலம் ஏலத்துல போயிடும்.

முதல்ல எந்த சட்டம்னு தெரிஞ்சுக்கங்க. 2016-ல வந்த புது திவால் சட்டம், தனி ஆளுங்கள்ல கம்பெனி கடனுக்கு ஜாமீன் போட்டவங்களுக்குத்தான் 2019 டிசம்பர்லேந்து நடைமுறையில இருக்கு. நம்ம பக்கம் மத்த எல்லாருக்கும் 1920-ம் வருஷத்து மாகாண திவால் சட்டம்தான். கடன் 500 ரூபா இருந்தாலே மனு போடலாம், டிகிரியில கைதாகி இருந்தாலோ சொத்து ஜப்தி ஆகியிருந்தாலோ கூட போடலாம்.

மனுவுல யார் யாருக்கு எவ்வளவு, அவங்க அட்ரஸ், உங்க சொத்து எல்லாத்தையும் மறைக்காம எழுதணும், கணக்கு நோட்டும் குடுக்கணும். மனு போடுறதுக்கு முன்னாடி வயலை மச்சான் பேருக்கு எழுதி வைக்கிறது நம்ம ஊர்ல சகஜமா நடக்குது, தயவுசெஞ்சு செய்யாதீங்க. திவால் ஆர்டருக்கு வழிவச்ச மனு தேதிக்கு முன்னாடி ரெண்டு வருஷத்துக்குள்ள சும்மா எழுதிக் குடுத்ததை ரிசீவர் (திவால் ஆனவர் சொத்தைப் பாத்துக்க கோர்ட்டு போடுற ஆளு) ரத்து பண்ண வைக்கலாம், சொத்தையோ கணக்கையோ வேணும்னே மறைச்சா ஒரு வருஷம் வரைக்கும் ஜெயில்.

இப்ப முக்கியமான இடம். மனு போட்டதுனால மட்டும் ஈ.பி. நிக்காது. மனு அட்மிட் ஆகணும், அதாவது கோர்ட்டு அதை விசாரணைக்கு எடுத்துக்கணும், ஆன உடனே ஈ.பி. நடக்கிற கோர்ட்டுல, ஏலம் நடக்கிறதுக்கு முன்னாடி, சர்டிஃபைட் காப்பியோட அதைத் தெரியப்படுத்தி, ஜப்தி ஆன சொத்தை ரிசீவர் கைக்கு மாத்தச் சொல்லி மனு போடணும், அதுக்கும் ஐ.பி.யில ரிசீவர் போடச் சொல்லி கேக்கணும். ரெண்டு கோர்ட்டும் தானா பேசிக்காது, நீங்கதான் அலையணும். சொத்து ரிசீவர்ட்ட போனாலும் டிகிரி வாங்குனவரோட கேஸ் செலவு, ஈ.பி. செலவு அதுமேல முதல் பாத்தியதையா நிக்கும். அட்மிட் ஆகுறதுக்கு முன்னாடியே ஏலம் போட்டு பணம் வசூல் ஆயிட்டா அது டிகிரிதாரருக்குத்தான், நல்ல எண்ணத்துல ஏலம் எடுத்தவர்ட்டேந்து நிலமும் திரும்பாது.

அப்பறம் இன்சால்வென்ட்னு (திவால் ஆனவர்னு) ஆர்டர் ஆச்சுன்னா சொத்து மொத்தமும் கோர்ட்டு கைக்கோ ரிசீவர் கைக்கோ போயிடும், கடன் குடுத்தவங்க திவால் கோர்ட்டு அனுமதி இல்லாம புதுசா கேஸ் போட முடியாது, சொத்துமேல தனியா கை வைக்கவும் முடியாது. உழவு மாடு, விதைநெல், விவசாயி குடியிருக்கிற வீடு மாதிரி சிவில் சட்டத்துலயே ஜப்தி பண்ணக்கூடாதுன்னு இருக்கிறது மட்டும் உங்களோடதுதான்.

கைது விஷயம் தனி. அட்மிஷன் சமயத்துல ஏற்கனவே கைதாகி இருந்தா விடுவிக்க கோர்ட்டுக்கு அதிகாரம் இருக்கு, திவால் ஆர்டருக்கு அப்பறம் கைது வராம இருக்க பாதுகாப்பு கேட்டு தனியா மனு போடணும், கேக்காம கிடைக்காது.

எதெல்லாம் நிக்காதுன்னா, அடமானம் வச்ச சொத்து, பேங்க்ல இருக்கிற நகை, இதையெல்லாம் அவங்க விக்கலாம். செக் பவுன்ஸ் கிரிமினல் கேஸ் அது பாட்டுக்கு ஓடும். உங்களுக்கு ஜாமீன் கையெழுத்து போட்ட மாமா தப்பிக்க மாட்டாரு, உங்களுக்கு டிஸ்சார்ஜ் (கடன்லேந்து கோர்ட்டு குடுக்குற விடுதலை) கிடைச்சாலும் அவர் கடன் அவர் தலையிலதான், மனு போடுறதுக்கு முன்னாடி அவர்ட்ட ஒரு வார்த்தை சொல்லிடுங்க, பாவம்.

கடன் குடுத்த பக்கம் இருக்கீங்களா, நோட்டீஸ் வந்ததும் கிழிச்சுப் போடாம டிகிரி நகலோட போய் உங்க கடனை நிரூபிச்சு பட்டியல்ல பேரை ஏத்திக்கங்க, சொத்து வித்து வர்ற பணம் அந்த பட்டியல் பிரகாரம்தான் பிரியும்.

திவால் ஆர்டர்ல டிஸ்சார்ஜ் கேக்க ஒரு கெடு போட்டிருக்கும், அதுக்குள்ள மனு போடலைன்னா திவால் ஆர்டரே ரத்தாகும், நடுவுல ஓடுன காலத்தை கடன் குடுத்தவங்களோட லிமிட்டேஷன்ல (கேஸ் போட சட்டம் குடுக்குற காலக்கெடுவுல) சேக்காம விட்டுடுவாங்க, அவங்க திரும்ப ஈ.பி. போடலாம். அந்த தேதியை வக்கீல்ட்ட கேட்டு இன்னைக்கே எழுதி வச்சுக்கங்க.