ஐஸ் உருகும் கணக்கில் வழுக்கும் இடங்கள்

ஈரோட்டில் மே மாத மதியம். மொட்டைமாடித் தொட்டித் தண்ணீர் 40 டிகிரி செல்சியஸ் என்று வைத்துக்கொள்வோம். அதில் 200 கிராம் எடுத்து, ஃப்ரீசரில் −18 டிகிரியில் இருந்த 100 கிராம் ஐஸைப் போட்டால் இறுதி வெப்பநிலை என்ன? 'இழந்த வெப்பம் = பெற்ற வெப்பம்' என்று எழுதி நேரே தீர்த்தால் −2.8 டிகிரி வரும். மொத்தமும் தண்ணீராகிவிட்டது என்று சமன்பாடு எழுதிவிட்டு, விடை உறைநிலைக்குக் கீழே நிற்கிறது! இதைக் கவனிக்காமலே கோடு போட்டு அடுத்த கணக்குக்குப் போகிறவர்கள் நிறைய.

ஐஸ் முழுதும் உருகுமா என்று பார்க்காததுதான் கோளாறு. முதலில் இருப்பைப் பாருங்கள். தண்ணீர் 0 டிகிரிக்கு இறங்கும்வரை தரக்கூடியது 200 × 4.2 × 40 = 33,600 ஜூல் (4.2 என்பது தண்ணீரின் தன்வெப்ப ஏற்புத்திறன்: ஒரு கிராம் ஒரு டிகிரி சூடாக வேண்டிய ஜூல்). ஐஸுக்கு அந்த எண் 2.1; அது 0 டிகிரிக்கு ஏற 100 × 2.1 × 18 = 3,780 வேண்டும்; உருக 100 × 334 = 33,400 (334 என்பது உள்ளுறை வெப்பம்: ஒரு கிராம் ஐஸ், வெப்பநிலை மாறாமல், உருக மட்டும் வேண்டிய ஜூல்). மொத்தம் 37,180. இருப்பு பத்தாது. ஏறப் போன 3,780-ஐக் கழித்தால் மிச்சம் 29,820. அதை 334-ஆல் வகுத்தால் சுமார் 89 கிராம்தான் உருகும். 11 கிராம் மிதந்துகொண்டிருக்கும், வெப்பநிலை 0.

அதே 100 கிராம், சர்பத் கடையில் சொட்டிக்கொண்டிருக்கும் ஐஸ் பாரிலிருந்து உடைத்ததென்றால் அது ஏற்கெனவே 0 டிகிரி. 33,400 போதும், மயிரிழையில் முழுதும் உருகிவிடும். அதனால் ஐஸ் எங்கிருந்து வந்தது என்று கேட்காமல் பேனாவை எடுக்காதீர்கள். பனிக்கட்டிக்கும் தண்ணீரின் 4.2-ஐயே போடுவது இன்னொரு வழக்கமான பிழை.

தண்ணீர் 500 கிராமாக இருந்தால் ஃப்ரீசர் ஐஸும் முழுதும் உருகும், விடை 18.6 டிகிரி. இங்கே பலர் மறப்பது, உருகி வந்த 100 கிராம் தண்ணீரும் 0-விலிருந்து சூடாக வேண்டும் என்பதை. அதை விட்டால் 22.3 வரும்.

உள்ளுறை வெப்பத்துக்கு 80 போட்டால் அது கலோரி, பக்கத்தில் 4.2 நிற்கக் கூடாது, 1 நிற்க வேண்டும். கெல்வினுக்கு மாற்றுகிறோம் என்று வெப்பநிலை வித்தியாசத்தோடு 273-ஐக் கூட்டுவதும் வேண்டாத வேலை.

செய்து பார்த்தால் விடை ஒத்துவராததற்குப் பாத்திரமும் காரணம். 400 கிராம் பித்தளைச் சொம்பு, தன்வெப்ப ஏற்புத்திறன் 0.38, அதுவும் 40 டிகிரியில் இருந்தால், 18.6 என்பது 19.8 ஆகும். சொட்டும் ஐஸாக இருந்தால் துணியால் ஒற்றிவிட்டு எடை போடுங்கள்: 100 கிராமில் 10 கிராம் ஈரமாக இருந்தால், உருகத் தேவையில்லாத 3,340 ஜூலையும் கணக்கில் ஏற்றிவிடுவீர்கள்.