லாக் வரிக்குள் ஆர்டர் எண்ணைக் கொண்டுவருவது எப்படி?

"பேமென்ட் தோல்வி" என்று ஒரே வரி, 200 தடவை. எந்த ஆர்டர், எந்த சர்வர், ஒன்றும் தெரியாது. ஒரு ராத்திரி முழுக்க அதோடு மல்லுக்கட்டிய பிறகுதான் டாட்நெட்டுக்கான லாக் லைப்ரரியான செரிலாக்கின் என்ரிச்சர்கள், அதாவது ஒவ்வொரு லாக் வரியிலும் கூடுதல் விவரம் சேர்ப்பவை, பக்கம் போனேன்.

டாட்நெட் ப்ராஜெக்டில் நியூகெட் வழியாக என்விரான்மென்ட், த்ரெட் என்ரிச்சர் பேக்கேஜ்களைச் சேருங்கள். லாகரை அமைக்கும் இடத்தில் 'வித்மெஷின்நேம்', 'வித்த்ரெட்ஐடி' இரண்டையும் கூப்பிட்டால் போதும், சர்வர் பெயரும் த்ரெட் எண்ணும் வந்துவிடும்.

சரி, உண்மையான பலன் லாக்கான்டெக்ஸ்டில்தான்; நாமே கொடுக்கும் விவரத்தை லாக் வரிகளோடு சேர்க்க செரிலாக் தரும் வசதி அது. ரிக்வெஸ்ட் வந்ததும் 'புஷ்ப்ராப்பர்ட்டி' மூலம் ஆர்டர் எண்ணைக் கொடுத்துவிட்டால், அதன்பின் எழுதும் ஒவ்வொரு வரியிலும் அது தானாக ஒட்டிக்கொள்ளும். அவெயிட் தாண்டியும் கூடவே வரும். ஆனால் 'யூசிங்' பிளாக்குக்குள் வையுங்கள், பிளாக் முடிந்ததும் அந்த எண் நீங்கிவிடும். லூப்புக்குள் அதை மறந்துவிட்டு, முடிந்துபோன ஆர்டரின் எண்ணை அரை நாள் துரத்தியவன் நான்.

இவ்வளவு செய்தும் கன்சோலில் எதுவும் தெரியவில்லையா? 'என்ரிச்.ஃப்ரம்லாக்கான்டெக்ஸ்ட்' விட்டுப்போயிருக்கும். அதுவும் இருந்தால், அவுட்புட் டெம்ப்ளேட்டில் 'ப்ராப்பர்ட்டீஸ்' இருக்கிறதா பாருங்கள். கன்சோலின் வழக்கமான டெம்ப்ளேட் அதைக் காட்டாது. அப்புறம், பாஸ்வேர்டை மட்டும் கான்டெக்ஸ்டில் போட்டுவிடாதீர்கள்.