ரோம் நகரை நேரலையில் சுற்றிப் பார்ப்பது எப்படி? முதல் முறை பார்ப்பவர்களுக்கான செய்முறை

ரோம் நகரத்து வீடியோக்கள் யூட்யூபில் கொட்டிக் கிடக்கின்றன. எதைப் பார்த்தாலும், படம் பிடித்தவர் எங்கே நின்றாரோ அங்கேதான் நாமும் நிற்க வேண்டும். அவர் திரும்பிய பக்கம்தான் நாமும் திரும்ப வேண்டும். நேரலைச் சுற்றுலாவில் அந்தக் கட்டாயம் இல்லை. அந்த நிமிடத்தில் ரோம் தெருவில் ஒருவர் கையில் போனோடு நடந்துகொண்டிருக்கிறார். "அந்த வளைவின் நாலாவது வரியைக் கொஞ்சம் கிட்டத்தில் காட்ட முடியுமா?" என்று கேட்டால் காட்டுவார்.

ஆனால் எதைக் கேட்பது என்று நமக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். முதல் முறை பார்ப்பவர்கள் பெரும்பாலும் வாயே திறக்காமல் பார்த்து முடித்துவிடுகிறார்கள். அப்படிப் பார்ப்பதற்குப் பதிவு செய்த வீடியோவே போதும். அதனால் இந்தச் செய்முறையில் பொத்தான்களை விட, எந்த இடத்தில் எதைக் கேட்பது என்பதைத்தான் அதிகம் எழுதியிருக்கிறேன்.

படி 1: எந்த வகை நேரலை வேண்டும் என்று முடிவு செய்யுங்கள்

மூன்று வகை உண்டு. முதலாவது வெப்கேம். ஒரே இடத்தில் பொருத்திய கேமரா. பேச்சும் இருக்காது, விளக்கமும் இருக்காது. ரோமில் இப்போது மழையா வெயிலா, கூட்டம் எப்படி என்று பார்க்க நல்லது. இரண்டாவது, யூட்யூப் நேரலை நடை. கட்டணம் இல்லை, அரட்டைப் பெட்டியில் கேள்வி எழுதலாம். கூட்டம் அதிகமானால் நம் கேள்வி கீழே ஓடிப்போய்விடும். மூன்றாவது, ஜூம் போன்ற செயலியில் சிறு குழுவுக்கு வழிகாட்டி நடத்தும் கட்டணச் சுற்றுலா.

தொடங்கும்போது யூட்யூபில் ஒருமுறை பார்த்துப் பழகிவிட்டு, பிறகு சிறு குழுவுக்குப் போங்கள். யூட்யூபில் தேடும்போது ஒன்றைக் கவனியுங்கள். தலைப்பில் நடைச் சுற்றுலா என்று இருப்பதெல்லாம் நேரலை அல்ல. தேடிய பிறகு ஃபில்டரைத் திறந்து 'லைவ்' என்பதைத் தேர்ந்தெடுத்தால்தான் அந்த நேரத்தில் உண்மையாகவே ஓடிக்கொண்டிருப்பவை மட்டும் வரும்.

படி 2: நேரத்தைக் கணக்குப் போடுங்கள்

மார்ச் கடைசி ஞாயிறு முதல் அக்டோபர் கடைசி ஞாயிறு வரை இந்தியாவும் இலங்கையும் ரோமை விட மூன்றரை மணி நேரம் முன்னால் இருக்கும். மற்ற மாதங்களில் நாலரை மணி நேரம். சிங்கப்பூர், மலேசியாவில் இருப்பவர்களுக்கு இந்த வித்தியாசம் 6 மணி நேரம், 7 மணி நேரம்.

கோடையில் அங்கே காலை 9 மணி என்றால் நமக்குப் பகல் பன்னிரண்டரை. கூட்டம் குறைவு, வெளிச்சம் நன்றாக இருக்கும். விடுமுறை நாளில் குழந்தைகளோடு பார்க்க ஏற்ற நேரம். வேலைக்குப் போகிறவர்களுக்கு டிசம்பர், ஜனவரி வசதி. அப்போது ரோமில் மாலை ஐந்து வாக்கில் பொழுது சாய்ந்துவிடும், நமக்கு இரவு ஒன்பது, ஒன்பதரை. சாப்பிட்டு முடித்து உட்கார்ந்தால் விளக்கொளியில் கொலோசியத்தைப் பார்க்கலாம்.

படி 3: பணம், இணையம், திரை

இந்திய டெபிட், கிரெடிட் கார்டுகளில் வெளிநாட்டுப் பரிவர்த்தனை அடைபட்டிருக்கக்கூடும். வங்கிச் செயலியில் அதை முன்கூட்டியே திறந்து, வேலை முடிந்ததும் மூடிவிடுங்கள். மழை பெய்து சுற்றுலா ரத்தானால் பணம் திரும்ப வருமா என்று முன்பதிவுக்கு முன் படித்துவிடுங்கள்.

ஒரு மணி நேர வீடியோவுக்கு 1 ஜிபிக்கு மேல் டேட்டா போகலாம், ஆகவே வைஃபை நல்லது. முடிந்தால் டிவியில் பாருங்கள். எச்டிஎம்ஐ கேபிள் ஒன்று இருந்தால் லேப்டாப்பை நேரே இணைத்துவிடலாம். ரோமானியக் கட்டடங்களின் அளவு ஆறங்குலத் திரையில் பிடிபடாது. ஜூமில் நுழைந்ததும் மைக்கை அணைத்துவிட்டு, வழிகாட்டியின் படத்தை 'பின்' செய்யுங்கள். இல்லாவிட்டால் யாராவது இருமினால்கூட அவர் முகம் பெரிதாக வந்துவிடும்.

படி 4: முந்தின நாள் அரை மணி நேரம்

இந்தப் படியைத் தாண்டிப் போகாதீர்கள். கூகுள் மேப்ஸில் கொலோசியத்தைத் திறந்து, மஞ்சள் நிற மனித உருவை இழுத்துத் தெருவில் விடுங்கள். அங்கிருந்து வியா தெய் ஃபோரி இம்பீரியாலி என்ற அகலமான நேர்சாலை வடமேற்கே போகிறது. 1932-இல் முசோலினி ஆட்சியில், பழைய மன்றங்களின் இடிபாடுகள் மேலேயே போட்ட சாலை அது. ஒரு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. அந்தச் சாலையைத் திரையில் ஒருமுறை முழுக்க நடந்துவிட்டால் இடப்பக்கம் ஃபோரம் (பண்டைய ரோமின் மையச் சதுக்கம்), முடிவில் வலப்பக்கம் டிராஜன் தூண் என்று திசை மனதில் நின்றுவிடும். மறுநாள் வழிகாட்டி திரும்பும் முன்பே அடுத்து என்ன வரும் என்று தெரிந்திருக்கும், கேள்வியும் தயாராக இருக்கும்.

ஒரு காகிதத்தில் நாலைந்து கேள்விகளை எளிய ஆங்கிலத்தில் எழுதிக்கொள்ளுங்கள். எதைக் கேட்கலாம் என்று அடுத்த படியில் இடம் இடமாகச் சொல்கிறேன்.

படி 5: எங்கே நிறுத்தச் சொல்வது

கொலோசியம். பேரரசர் வெஸ்பேசியன் தொடங்கிய இந்த அரங்கத்தை அவர் மகன் டைட்டஸ் கி.பி. 80-இல் திறந்துவைத்தார். 189 மீட்டர் நீளம், 156 மீட்டர் அகலம். முன்பு ஆண்ட பேரரசர் நீரோ தன் அரண்மனைக்காக வெட்டிய ஏரி இருந்த இடம் இது. மக்களிடமிருந்து பிடுங்கிய நிலத்தை மக்களுக்கே திருப்பிக் கொடுத்ததாகக் காட்டிக்கொள்ள வெஸ்பேசியன் அந்த இடத்தையே தேர்ந்தெடுத்தார்.

எல்லோரும் அரங்கத்தின் உயரத்தைத்தான் அண்ணாந்து பார்ப்பார்கள். நீங்கள் வடக்குப் பக்கத்துக் கீழ்த்தள வளைவுகளின் மேற்பகுதியைக் காட்டச் சொல்லுங்கள். கல்லில் ரோமன் எண்கள் வெட்டப்பட்டிருக்கும். கீழ்த்தளத்தில் மொத்தம் 80 வாயில்கள். வெளிச்சுவர் எஞ்சி நிற்கும் பகுதியில் 23 முதல் 54 வரையான எண்களை இன்றும் படிக்கலாம். பார்வையாளர் கையில் இருந்த சீட்டில் வாயில் எண் இருக்கும். அதைப் பார்த்து நேரே தன் படிக்கட்டுக்குப் போய்விடுவார். பல்லாயிரம் பேர் கூடும் இடத்தில் நெரிசலை இப்படிச் சமாளித்திருக்கிறார்கள்.

அப்படியே சுவரில் இருக்கும் பொத்தல்களையும் காட்டச் சொல்லுங்கள். டிராவர்டைன் என்ற சுண்ணாம்புக் கற்களை ஒன்றோடொன்று பிணைத்த இரும்புக் கவ்விகளைப் பிற்காலத்தில் தோண்டி எடுத்த தடங்கள் அவை. தெற்குப் பக்க வெளிச்சுவர் இல்லாமல் போனதற்கு 1349-இன் நிலநடுக்கம் பெரிய காரணம். விழுந்த கற்கள் நகரத்தின் வேறு கட்டடங்களுக்குப் போயின.

பெரும்பாலான நேரலைகள் அரங்கத்துக்குள் போகாது. உள்ளே நுழைய டிக்கெட், குழுவை அழைத்துப்போக விதிமுறைகள் என்று பல உண்டு. வெளியிலிருந்தே பார்ப்பதற்கு ஏராளம் இருக்கிறது, ஏமாற்றம் வேண்டாம்.

மாக்சென்ஷியஸ் பசிலிக்கா. சாலையில் நடக்கும்போது இடப்பக்கம் மூன்று பிரம்மாண்ட வளைகூடங்கள் தெரியும். 4-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டிய பொது மண்டபம். வழிகாட்டி வளைவின் உயரத்தைச் சொல்லிவிட்டு நகரப் பார்ப்பார். விடாதீர்கள். அந்த இடத்தில் அதற்கு முன் ஹோரியா பிப்பரட்டாரியா என்ற கிடங்கு இருந்தது. பேரரசர் டொமிஷியன் காலத்தில் கட்டிய மிளகுக் கிடங்கு. ரோமுக்குப் போன மிளகு நம் மேற்குக் கடற்கரையில், முசிறி போன்ற துறைமுகங்களிலிருந்து பருவக்காற்றைப் பிடித்துச் செங்கடல் வழியாகப் போனது. அதற்குப் பதிலாக வந்த ரோமானியப் பொற்காசுகள் கொங்கு நாட்டுப் புதையல்களில் இன்றும் கிடைக்கின்றன. பேரரசின் நடுமையத்தில், புனிதச் சாலையை ஒட்டி நம் மிளகுக்கென்று ஒரு கிடங்கு! ஃபோரத்தில் எனக்கு மிகப் பிடித்த இடம் இதுதான். "மிளகுக் கிடங்கு எந்தப் பக்கம்?" என்று கேட்டுப் பாருங்கள். நாம் எங்கிருந்து பார்க்கிறோம் என்று சொன்னால் வழிகாட்டியே ஆர்வமாகிவிடுவார்.

டிராஜன் தூண். கி.பி. 113. பேரரசர் டிராஜன் டேசியாவில் (இன்றைய ருமேனியா) நடத்திய போர்களைச் சுருள் சுருளாகக் கல்லில் செதுக்கியிருக்கிறார்கள். அந்தப் பட்டையை நேராக விரித்தால் ஏறக்குறைய 200 மீட்டர். மேல் சுற்றுகள் போன் கேமராவில் தெரியாது, அதற்காக நேரம் செலவழிக்க வேண்டாம். அடிச்சுற்றை ஜூம் செய்யச் சொல்லுங்கள். படகுகளை வரிசையாகக் கட்டிய பாலத்தில் படைவீரர்கள் ஆற்றைக் கடக்கிறார்கள். பக்கத்தில், இடுப்பளவு தண்ணீரிலிருந்து தாடி வைத்த முதியவர் ஒருவர் எழுந்து பார்க்கிறார். அவர்தான் டான்யூப் நதித் தெய்வம். அந்த ஓர் உருவத்தை நிதானமாகப் பார்த்தால் சிற்பியின் கை புரியும்.

கேப்பிட்டோலைன் குன்று. இங்கிருந்து ஃபோரம் முழுவதும் காலடியில் கிடக்கும், டிக்கெட் தேவையில்லை. கி.பி. 203-இல் எழுப்பிய செப்டிமியஸ் செவெரஸ் வளைவு கண்ணெதிரே நிற்கும். மேலே உள்ள கல்வெட்டின் நாலாவது வரியைக் கிட்டத்தில் காட்டச் சொல்லுங்கள். பேரரசர் செவெரஸுக்கு கராகல்லா, கேட்டா என்று இரண்டு மகன்கள். தந்தை 211-இல் இறந்தார்; அந்த ஆண்டு முடிவதற்குள் கராகல்லா தம்பியைக் கொன்றார். பேரரசு முழுவதும் கேட்டாவின் பெயரை அழிக்க ஆணை போனது. இந்த வரியிலும் அவர் பெயரைச் செதுக்கி எடுத்துவிட்டு வேறு புகழ்மொழி பொறித்தார்கள். ஆனால் பழைய வெண்கல எழுத்துகளைப் பொருத்திய துளைகள் போகவில்லை. இப்போதுள்ள எழுத்துக்கும் துளைக்கும் பொருத்தமில்லாமல் இருப்பது நல்ல வெளிச்சத்தில் கேமராவிலேயே தெரியும்.

அதே இடத்திலிருந்து சற்றுத் தள்ளி அன்டோனினஸ், ஃபாஸ்டினா கோயில். பிற்காலத்தில் தேவாலயமாக மாறியது. அதன் வெண்கலக் கதவு இன்று தரையிலிருந்து பல மீட்டர் உயரத்தில், எந்தப் படியும் எட்டாமல் நிற்கிறது. கதவு வைத்த காலத்தில் மண் அந்த உயரத்துக்கு மூடியிருந்தது. ஃபோரமே மாடு மேயும் திடலாகக் கிடந்தது. அகழாய்வில் மண்ணை எடுத்த பிறகு கதவு மேலே தங்கிவிட்டது.

பாந்தியன். பண்டைய ரோமானியக் கோயில். முகப்பில் அக்ரிப்பா கட்டியதாக எழுதியிருக்கும். இப்போது நிற்பது பேரரசர் ஹேட்ரியன் காலத்தில், கி.பி. 126 வாக்கில் முடிந்தது. முதலில் அங்கே கோயில் கட்டிய அக்ரிப்பாவின் பெயரையே ஹேட்ரியன் வைத்துவிட்டார். குவிமாடத்தின் விட்டம் 43.3 மீட்டர், தரையிலிருந்து உச்சி வரையும் அதே 43.3 மீட்டர். கம்பியே வைக்காத கான்கிரீட் குவிமாடங்களில் இன்றுவரை உலகிலேயே பெரியது. கீழே கனமான கல் கலவை, மேலே போகப் போக எடை குறைந்து உச்சியில் மிதக்கும் நுரைக்கல். உச்சியில் வட்டமான திறப்பு, கதவும் கிடையாது, கண்ணாடியும் கிடையாது. மழை உள்ளேயே விழும்; தரை லேசாகச் சரிந்து, சிறு துளைகள் வழியாக நீர் வடியும்.

2023 ஜூலையிலிருந்து உள்ளே போகக் கட்டணம் உண்டு. வழிகாட்டி உள்ளே வருவாரா என்று முன்பதிவிலேயே கேட்டுவிடுங்கள். வராவிட்டால் முன்மண்டபத் தூண்களைக் காட்டச் சொல்லுங்கள்: எகிப்து மலையில் வெட்டி, நைலில் ஏற்றி, கடல் தாண்டிக் கொண்டுவந்த ஒற்றைக் கற்கள், ஏறக்குறைய 12 மீட்டர் உயரம். பக்கத்தில் ஓர் ஆளை நிற்கச் சொன்னால் பருமன் விளங்கும்.

படி 6: கேட்கும் முறை

யூட்யூபில் படம் நமக்குச் சில விநாடிகள் தாமதமாகத்தான் வரும். இடம் கடந்தபின் எழுதினால் அவர் எங்கோ போயிருப்பார். வளைவு தூரத்தில் தெரியும்போதே கேள்வியை அனுப்பிவிடுங்கள். நடுவில் நிறுத்தி வைத்திருந்தால் நேரலையிலிருந்து பின்தங்கிவிடுவீர்கள்; 'லைவ்' என்ற சொல்லைத் தொட்டால் மீண்டும் சேர்ந்துகொள்ளலாம்.

கேள்வி சின்னதாக, காட்டக்கூடியதாக இருக்கட்டும். "ரோம் ஏன் வீழ்ந்தது?" என்று தெருவில் நடப்பவரிடம் கேட்டால் அவரும் என்ன செய்வார்? "அந்தத் துளை எதற்கு?" என்று கேளுங்கள். பெயர் சொல்லிக் கேட்டு, காட்டியதும் ஒரு நன்றி எழுதுங்கள். முகம் தெரியாத கூட்டத்துக்குப் பேசிக்கொண்டே வெயிலில் நடப்பவருக்கு அது பெரிய தெம்பு.

படி 7: முடிந்த பிறகு

இலவச நேரலையானால் அன்பளிப்புக்கு வழி இருக்கும்; முடிந்ததைக் கொடுங்கள். பதிவு கிடைக்குமா என்று கேட்டு வாங்கி வையுங்கள். அனுமதி இல்லாமல் நீங்களாகத் திரையைப் பதிவு செய்ய வேண்டாம்.

பிறகு 'ரோம் ரீபார்ன்' என்று தேடுங்கள். கி.பி. 320-இல் நகரம் எப்படி இருந்திருக்கும் என்று ஆய்வாளர்கள் கணினியில் கட்டிய முப்பரிமாண மாதிரி. இடிபாட்டைப் பார்த்த சூட்டோடு பார்த்தால் எந்தத் தூண் எந்தக் கூரையைத் தாங்கியது என்று சட்டென்று விளங்கும். முதலிலேயே பார்த்துவிட்டால் இடிபாடு மங்கிப்போகும். வரிசையை மாற்றாதீர்கள்.

இரண்டாவது முறைக்கு ரோமை அடுத்த ஆஸ்தியா ஆன்டிகாவைத் தேடுங்கள். பழைய துறைமுக நகரம். கப்பல் வணிகர்களின் அலுவலக வாசல்களில் யானை, கப்பல், கலங்கரை விளக்கம் என்று மொசைக் தரைகள் இருக்கின்றன. கூட்டமும் குறைவு, வழிகாட்டி அவசரப்பட மாட்டார்.