கேஸ் நடக்கும்போதே ஏலம்: எங்கே சறுக்குகிறார்கள்

"கேஸ்தான் நடந்துக்கிட்டு இருக்கே, அதுக்குள்ள எப்படிங்க ஏலம் விடுவாங்க?" கோர்ட் வராந்தாவில் இந்தக் கேள்வி காதில் விழாமல் ஒரு வாரம் போகாது. கேட்பவர் கையில் ஏல அறிவிப்பு இருக்கும். கோர்ட் ஊழியரான அமீனா தமுக்கு அடித்து வீட்டுக் கதவில் ஒட்டிவிட்டுப் போனதைப் பிய்த்து எடுத்துக்கொண்டு வந்திருப்பார். ஓரத்தில் பசை காய்ந்து பொருக்காக நிற்கும்.

அடிக்கடி பார்க்கிற கதை இதுதான். அப்பா விட்டுப்போன வீடு. அண்ணன், தம்பி, தங்கை என மூன்று பங்கு. தங்கை போட்ட பாகப்பிரிவினை வழக்கு சார்பு நீதிமன்றத்தில் இழுத்துக்கொண்டிருக்கிறது. இதற்கிடையில் அண்ணன் புரோநோட்டு எழுதிக் கொடுத்து வாங்கிய கடனுக்கு வேறொரு கோர்ட்டில் டிகிரி (பணத்தைக் கட்டச் சொல்லும் தீர்ப்பாணை) ஆகி, அதை அமல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனுவில் வீடு ஜப்தியாகி, ஏலத்துக்கு வந்துவிட்டது.

தன் வழக்கே ஏலத்தைத் தடுத்துவிடும் என்று தங்கை உட்கார்ந்திருந்தால் போச்சு. வழக்கு எண்ணைக் காட்டினால் ஏலம் நிற்காது, தடையாணையைக் காட்டினால்தான் நிற்கும். அப்பீல் போட்டவர்களும் இப்படித்தான் ஏமாறுகிறார்கள். அப்பீல் நம்பர் ஆகிவிட்டதாலேயே ஸ்டே கிடைத்ததாக ஆகாது. "ஜப்தியான சொத்தில் எனக்கும் பங்கு உண்டு" என்று உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 21 விதி 58-ன் கீழ் தங்கை மனுப் போட வேண்டும், அதுவும் ஏலத்துக்கு முன்பே. சொத்து விற்றுப்போன பிறகு கொண்டுபோனால் அந்த மனுவை எடுக்க மாட்டார்கள். அப்புறம் தனி வழக்கு, கோர்ட் கட்டணம் என்று சுற்ற வேண்டியதுதான்.

அண்ணன் வேறு விதமாகக் கெடுத்துக்கொள்வார். நோட்டீஸை வாங்காமல் திருப்பி அனுப்புவார், அல்லது வாங்கி அலமாரியில் செருகிவிடுவார். விற்பனை நிபந்தனைகளை எழுதும், அதே கட்டளை 21-ன் விதி 66 கட்டத்தில்தான் சொத்தின் மதிப்பு பற்றிப் பேச முடியும். அப்போது வாய் திறக்காமல் இருந்துவிட்டு, ஏலம் முடிந்ததும் "அடிமாட்டு விலைக்குப் போயிடுச்சு" என்று விதி 90-ன் கீழ் ஓடிவருவார். அறிவிப்பு தயாரான நாளிலோ அதற்கு முன்போ சொல்லியிருக்கக்கூடிய ஆட்சேபணையை இப்போது சொல்ல முடியாது என்று அதே விதி கதவைச் சாத்துகிறது. விலை குறைவு என்பது மட்டும் போதவும் போதாது. ஏலம் நடத்தியதில் முறைகேடோ மோசடியோ இருந்தது, அதனால் கணிசமான நட்டம் வந்தது, இரண்டையும் நிரூபிக்க வேண்டும்.

பணம் புரட்ட முடிந்தால் விதி 89 எவ்வளவோ மேல். ஏலம் 40 லட்சத்துக்குப் போயிருந்தால், ஏலம் எடுத்தவருக்காக அதில் 5 சதவீதம், அதாவது 2 லட்சம், கூடவே அறிவிப்பில் கண்ட கடன் தொகை. இரண்டையும் 60 நாளுக்குள் கோர்ட்டில் கட்டி மனுப் போட்டால் ஏலம் ரத்து. சொத்தில் உரிமை உள்ளவர் என்ற முறையில் தங்கையும் கட்டலாம். ஆனால் விதி 90 மனுவை நிலுவையில் வைத்துக்கொண்டே இதையும் நடத்த முடியாது, அதை வாபஸ் வாங்க வேண்டும்.

சரி, ஏலம் எடுக்க வருபவர்? "கோர்ட்டே விக்குது, டைட்டில் சுத்தமாத்தான் இருக்கும்" என்று நம்பி வருவார். என்னைக் கேட்டால் இருப்பதிலேயே விலை கூடிய தவறு இதுதான். கடனாளிக்கு என்ன உரிமை இருந்ததோ அதைத்தான் கோர்ட் விற்கிறது. உத்தரவாதம் எதுவும் கிடையாது. மேலே சொன்ன வீட்டில் கைக்கு வருவது அண்ணனின் பிரிபடாத மூன்றில் ஒரு பங்கு. நேராகச் சாவி வாங்கிக் குடிபோக முடியாது, பாகம் பிரித்துத்தான் எடுக்க வேண்டும். சொத்து மாற்றுச் சட்டம் பிரிவு 52-ன்படி, தங்கையின் வழக்கில் வரும் தீர்ப்பு ஏலத்தில் வாங்கியவரையும் கட்டுப்படுத்தும். "எனக்கு அந்தக் கேஸே தெரியாது" என்றால் எடுபடாது. அதனால் வாங்கியவுடன் அந்த வழக்கில் தன்னையும் தரப்பினராகச் சேர்த்துக்கொள்ள மனுப் போடுவது நல்லது.

வில்லங்கச் சான்று மட்டும் போட்டுப் பார்த்தால் இது தெரியாமல் போகலாம். வழக்குப் போட்டாலே அதில் ஏறிவிடுவதில்லை. இ-கோர்ட்ஸ் தளத்தில் கடனாளியின் பெயர், கூடப்பிறந்தவர்கள் பெயர் என்று எழுத்துக்கூட்டலை மாற்றி மாற்றித் தேடுங்கள். பிறகு அந்த வீட்டுக்கே ஒரு நடை போய்ப் பக்கத்துக் கடையில் ஒரு டீ குடியுங்கள். பாதி வில்லங்கம் அங்கேயே வெளியே வந்துவிடும்.

பணக் கணக்கிலும் அசட்டை கூடாது. 40 லட்சத்துக்குக் கேட்டால் அங்கேயே 25 சதவீதம், 10 லட்சம், கட்ட வேண்டும். மீதி 30 லட்சம் 15 நாளுக்குள். பேங்க் லோன் வரும் என்று நம்பிக் கை தூக்காதீர்கள். இந்தக் கெடு கட்டாயமானது என்று உச்ச நீதிமன்றம் 1954-லேயே மணிலால் மோகன்லால் ஷா வழக்கில் சொல்லிவிட்டது. தவறினால் மறு ஏலம். கட்டிய முன்பணத்தையும் கோர்ட் பறிமுதல் செய்யலாம்.

டிகிரி வாங்கியவரே ஏலம் கேட்க நினைத்தால், விதி 72-ன்படி முன்கூட்டியே கோர்ட் அனுமதி வேண்டும்.

எல்லாம் முடிந்து விற்பனைச் சான்று கைக்கு வந்ததும் அதைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிடுகிறவர்கள் உண்டு. சுவாதீனம் (சொத்தைக் கைக்கு ஒப்படைப்பது) கேட்டு மனுப் போட, விற்பனை உறுதியான நாளிலிருந்து 1 வருடம்தான். "அவங்களே காலி பண்ணிடறேன்னு சொன்னாங்க, பொங்கல் போகட்டும்னு விட்டேன்" என்பவர்கள் வந்து நிற்பது பெரும்பாலும் பதிமூன்றாவது மாதத்தில்.