கரைவலையைச் சோடி சோடியாக அறுக்காதீர்கள்: அதிவரைபில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன கிழமை பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடம் படிக்கும் பிள்ளை ஒருத்தி மடிக்கணினியோடு வீட்டுக்கு வந்தாள். திருகோணமலை நிலாவெளிக் கரையில் கரைவலை இழுப்பவர்களிடம் இரண்டு மாதமாக விபரம் திரட்டி, யார் யாரோடு சேர்ந்து இழுக்கிறார்கள் என்று ஒரு வரைபு கீறியிருந்தாள். நானும் முன்பொரு காலம் இதே வேலை செய்தவள் என்று கேள்விப்பட்டு வந்திருந்தாள். திரை முழுக்கக் கோடுகள்.

"இந்த ஐந்து பேரும் ஒரே இழுவையில நின்றவையளோ, வேற வேற நாளில நின்றவையளோ?" என்று கேட்டேன்.

படத்தைப் பெருப்பித்துப் பார்த்தாள். "அது இதில தெரியாது ரீச்சர்."

"கொப்பியில?"

"கொப்பியிலயும் சோடி சோடியாத்தான் எழுதினனான்."

எனக்கு அந்த இடத்தில் நெஞ்சு கனத்துப் போனது. பத்தொன்பது வருடத்துக்கு முன் உப்புவெளிக் கரையில் நான் எழுதிய கொப்பியும் அப்படித்தான் இருந்தது. இந்த வருடம் மட்டும் இந்தத் தவறோடு என்னிடம் வந்த மூன்றாவது ஆள் இவள். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. ஹைப்பர்கிராப் என்பதை நான் அதிவரைபு என்று எழுதுவேன். அதிபரவளைவு என்று பள்ளிக்கூடத்தில் படித்தவர்களுக்கு அந்த 'அதி' பழக்கமானது. வரைபு என்றால் உச்சிகள் எனும் புள்ளிகளும் அவற்றைச் சேர்க்கும் விளிம்புகள் எனும் கோடுகளும். சாதாரண வரைபில் ஒரு விளிம்பு இரண்டு உச்சிகளைத்தான் இணைக்கும். அதிவரைபில் ஒரு விளிம்பு எத்தனை உச்சிகளையும் ஒருசேரப் பிடிக்கலாம். உச்சித் தொடை ஒன்று, அதன் தொடைப்பிரிவுகள் சில, அவ்வளவுதான். (தொடை என்று நாங்கள் சொல்வதைத் தமிழ்நாட்டில் கணம் என்பார்கள்.) எல்லா விளிம்பிலும் சரியாக k உச்சிகள் இருந்தால் அது k-சீரான அதிவரைபு; k = 2 என்றால் பழைய வரைபேதான். பிரான்ஸ் நாட்டுக் கணிதர் குளோட் பெர்ஜ் 1970இல் வெளியிட்ட நூல்தான் இந்தத் துறைக்கு ஒரு உருவம் கொடுத்தது.

எண்ணும்போது ஓர் உச்சியை விடுவது, விளிம்பைப் பிழையாகக் கீறுவது போன்றவற்றை இங்கே சொல்லப் போவதில்லை. அவை தானாகவே திருந்திவிடும்.

கூட்டத்தைச் சோடிகளாக உடைப்பது

கரைவலை வளைக்கிறதை ஒருமுறை நின்று பார்த்தவர்களுக்கு அதிவிளிம்பு, அதாவது அதிவரைபின் விளிம்பு, என்றால் என்னவென்று விளங்கப்படுத்தத் தேவையில்லை. வள்ளம் வலையைக் கடலில் அரைவட்டமாக விட்டுவிட்டு வரும். இரண்டு கயிற்றுக்கும் இரண்டு கூட்டம் நிற்கும். எல்லாரும் ஒருமித்து இழுத்தால்தான் மடி கரைக்கு வரும். அந்த ஒரு இழுவை ஒரு விளிம்பு. இருபது பேர் நின்றால் இருபது உச்சி கொண்ட ஒரே விளிம்பு.

அதைச் சோடிகளாக எழுதினால் 20 × 19 ÷ 2, அதாவது 190 விளிம்புகள். ஒரு இழுவை 190 தனித்தனி உறவாகிவிடுகிறது. இந்த மாற்றத்துக்கு நூல்களில் பெயரும் உண்டு, இரு-வெட்டு என்று சொல்லலாம்: ஒரே விளிம்பில் இருக்கும் எந்த இரண்டு உச்சியையும் கோடு போட்டு இணைப்பது. மாற்றம் பிழையில்லை. அதைச் செய்துவிட்டு மூலத்தைத் தூக்கி எறிவதுதான் பிழை.

நான் எறிந்தேன். பங்குனியிலிருந்து வாடை தொடங்கும் வரை ஒரு பருவம் முழுக்கக் கரையில் நின்றேன். ஒவ்வொரு இழுவைக்கும் பெயர்களைக் கேட்டு, இரவில் வீட்டில் இருந்து சோடிப் பட்டியலாக மாற்றிவிட்டு, பகலில் கிறுக்கிய தாளைக் கிழித்துப் போட்டேன். ஏனென்றால் என்னிடம் இருந்த கணினி நிரல் சோடிகளைத்தான் வாங்கும். பருவ முடிவில் ஒவ்வொரு உச்சியின் படியையும், அதாவது அதைத் தொடும் கோடுகள் எத்தனை என்பதையும், கணித்து, ஆகக் கூடிய படி உள்ளவர்தான் இந்தக் கரையின் மையம் என்று முடிவெழுதினேன். அந்தப் பெயரைக் கொண்டுபோய் ஒரு வயதான சம்மாட்டியிடம் (வலைச் சொந்தக்காரரிடம்) காட்டினேன். பெருமையாகத்தான் காட்டினேன்.

அவர் பெயரைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "இவன் ஒருநாள் வந்த பெடியன் பிள்ளை. மாமன்ர வீட்டுக்கு வந்தவன். காலம இந்தப் பாட்டில ஒருக்கா பிடிச்சான், பின்னேரம் அங்கால பாட்டில ஒருக்கா பிடிச்சான். பிறகு போயிட்டான்."

கணக்கைப் பாருங்கள். காலை இழுவையில் அவனோடு சேர்த்துப் பதினைந்து பேர், மாலையில் வேறு பாட்டில் (பாடு என்பது வலை வளைக்கும் கரைத்துண்டு) அவனோடு சேர்த்து இருபது பேர். இரண்டு கூட்டத்துக்கும் பொதுவானவன் அவன் ஒருவன்தான். சோடி வரைபில் அவனுடைய படி 14 + 19 = 33. பருவம் முழுக்க தன்னோடு சேர்த்து மாறாத இருபது பேர் கொண்ட ஒரு கூட்டத்தில் ஒரு நாளும் தவறாமல் கயிறு பிடித்த மனிதரின் படி 19. அதிவரைபில் படி என்பது ஓர் உச்சி எத்தனை விளிம்பில் இருக்கிறது என்பது. அப்படி எண்ணினால் பெடியனுக்கு 2. அந்த மனிதருக்கு அவர் நின்ற இழுவைகள் எத்தனையோ அத்தனை. ஒரு பருவம் வெயிலில் நின்ற உழைப்பாளியை என் கணக்கு பெடியனுக்குக் கீழே போட்டுவிட்டது. திருத்துவோம் என்றால் கிழித்த தாள் இல்லை. சோடிகளிலிருந்து இழுவைகளைத் திரும்பக் கட்ட முடியாது.

'முடியாது' என்பதை நான் சும்மா சொல்லவில்லை. அ, ஆ, இ மூவரும் சேர்ந்து ஒரு வேலை செய்தால் சோடிகள்: அஆ, ஆஇ, இஅ. இரண்டிரண்டு பேராக மூன்று வேறு நாளில் செய்தாலும் அதே மூன்று சோடிகள். இது சின்ன உதாரணம். பெரியது வேண்டுமென்றால் ஃபானோ தளத்தை எடுங்கள்: 7 புள்ளிகள், மூன்று மூன்று புள்ளியாக 7 கோடுகள், எந்த இரண்டு புள்ளியும் சரியாக ஒரு கோட்டில் மட்டும் சேர்ந்திருக்கும். 7 × 3 = 21 சோடிகள். ஏழு உச்சிகளுக்குள் இருக்கக்கூடிய சோடிகள் மொத்தமும் 21தான். ஆகவே இரு-வெட்டு எடுத்தால் எல்லாம் எல்லாவற்றோடும் இணைந்த முழு வரைபு வரும். அதே ஏழு புள்ளிகளுக்குப் பெயரிட்டு ஃபானோ தளத்தை 30 வெவ்வேறு விதமாக அமைக்கலாம். முப்பதும் அந்த ஒரே முழு வரைபைத்தான் தரும். ஏழிலிருந்து எடுக்கக்கூடிய 35 மும்மைகளையும் விளிம்பாக வைத்தாலும் அதுவேதான் வரும். இத்தனை பேருக்கும் ஒரே முகம் என்றால், முகத்தைப் பார்த்து ஆளைச் சொல்வது எப்படி?

நிறந்தீட்டலில், அதாவது உச்சிகளுக்கு நிறம் கொடுப்பதில், இந்தத் தவறு இன்னும் மோசமாகக் கடிக்கும். அதிவரைபில் வழக்கமான நிபந்தனை, எந்த விளிம்பும் முழுக்க ஒரே நிறமாக இருக்கக் கூடாது என்பதுதான். ஃபானோ தளத்துக்கு இரண்டு நிறம் போதாது, மூன்று போதும். அதன் சோடி வரைபில் கோடு இணைக்கும் இரண்டு உச்சிக்கும் ஒரே நிறம் வரக் கூடாது என்பதால் ஏழு நிறம் வேண்டும். மூன்று எங்கே, ஏழு எங்கே. ஒரு விளிம்பில் எல்லா உச்சியும் வேறு வேறு நிறமாக இருக்க வேண்டும் என்ற கடுமையான நிறந்தீட்டலும் உண்டு. அதற்கு மட்டும் சோடி வரைபு சரியான விடை தரும். எது வேண்டும் என்பதை முதலில் தீர்மானியுங்கள்.

சரியாகச் செய்வது கடினமே இல்லை, அதுதான் எனக்கு இன்றும் ஆறாத கோபம். ஒரு தாளில் நிரல்களுக்கு இழுவை, நிரைகளுக்கு ஆள். ஆள் நின்றால் 1, நில்லாவிட்டால் 0. இந்தத் தாயம் (தமிழ்நாட்டில் அணி என்பார்கள்) அதிவரைபை முழுதாக வைத்திருக்கும். உங்கள் கணினி நிரல் வரைபைத்தான் வாங்கும் என்றால், ஆட்களை ஒரு பக்கமும் இழுவைகளை மறுபக்கமும் உச்சிகளாக வைத்து, ஆள் நின்ற இழுவையோடு மட்டும் கோடு போடுங்கள். இரு பக்கம் கொண்ட அந்த வரைபில் ஒன்றும் தொலையாது. எந்தப் பக்கம் ஆள் என்று குறித்து வையுங்கள். பக்கத்தை மாற்றிப் பிடித்தால் கிடைப்பது இரட்டை அதிவரைபு: இழுவைகள் உச்சியாகும், ஆட்கள் விளிம்பாவார்கள். எப்போதும் சேர்ந்தே வரும் அண்ணன் தம்பி இருவர் அங்கே ஒரே விளிம்பாகத் தெரிவார்கள். அதைப் பிழையென்று அழிக்காதீர்கள்.

பிள்ளையிடம் இவ்வளவையும் சொன்னேன். அழுகை வந்துவிட்டது அவளுக்கு. பருவம் இன்னும் முடியவில்லை, போய்த் திரும்ப எழுது என்றேன்.

வரைபின் விதிகளை அப்படியே கொண்டுவருவது

'ஒற்றைப் படி கொண்ட உச்சிகளின் எண்ணிக்கை எப்போதும் இரட்டை எண்.' வரைபில் உண்மை. மூன்று உச்சிகள், அவற்றைப் பிடித்த ஒரே விளிம்பு: மூன்றுக்கும் படி 1. விதி உடைந்தது. நிலைப்பது இதுதான்: படிகளின் கூட்டுத்தொகை விளிம்புகளின் அளவுகளின் கூட்டுத்தொகைக்குச் சமம். 3-சீரானதில் அது மூன்றால் வகுபடும்.

'சுற்று இல்லை' என்று மொட்டையாகச் சொல்வது

வரைபில் சுற்று என்றால் ஒரே பொருள்: விளிம்பு வழியே போய்ப் புறப்பட்ட உச்சிக்கே திரும்புவது. அதிவரைபில் சுற்றின்மைக்குப் பல வரையறைகள் உண்டு. தரவுத்தளக்காரர்களுக்காக ரொனால்ட் ஃபேகின் 1983இல் அவற்றை ஒழுங்குபடுத்தினார். இவற்றில் ஆல்பா என்று சொல்லப்படுவது புதியவர்களைத் தடுமாற வைக்கும். அஆ, ஆஇ, இஅ என்ற மூன்று விளிம்பும் சேர்ந்தால் சுற்று உண்டு. அவற்றோடு அஆஇ என்ற பெரிய விளிம்பையும் சேர்த்தால் ஆல்பா வரையறைப்படி சுற்று இல்லை! விளிம்பைக் கூட்டச் சுற்று மறைகிறது, எடுத்தால் திரும்ப வருகிறது. மரத்தில் கிளையை வெட்டினால் சுற்று முளைக்காது என்ற பழக்கத்தில் எழுதிய நிறுவல் ஒன்றை நானே மூன்று நாள் கட்டி, பிறகு முழுதாகக் கைவிட்டிருக்கிறேன். எந்த வரையறை என்று முதல் வரியிலேயே எழுதுங்கள்.

வெற்று விளிம்பு

அனுமதிப்பதா இல்லையா என்று தொடக்கத்திலேயே சொல்லுங்கள்.

ஒரே விளிம்பு இருமுறை

அதே.

இரண்டுக்கு ஓடிய கணினி நிரல் மூன்றுக்கும் ஓடும் என்று நம்புவது

வரைபில் ஒன்றையொன்று தொடாத விளிம்புகளை ஆகக் கூடுதலாகத் தெரிவதற்கு ஜாக் எட்மண்ட்ஸ் 1965இல் வேகமான வழி கொடுத்தார். விளிம்பின் அளவு மூன்று ஆனதும் கதை மாறிவிடும்: வள்ளம், ஆள், வலை என்று மூன்று பக்கமாகப் பிரித்துப் பொருத்துகிற கேள்வி, ரிச்சர்ட் கார்ப் 1972இல் பட்டியலிட்ட கடினமான 21 சிக்கல்களில் ஒன்று. பத்து வள்ளத்துக்கு உங்கள் நிரல் ஒரு நொடியில் விடை தரும். அதை நம்பி இருநூறு வள்ளத்துக்கு வாக்குக் கொடுக்காதீர்கள். அளவு மூன்றா என்பதை வேலையை ஒப்புக்கொள்ள முன்னமே பாருங்கள்.

உபவரைபு என்று மட்டும் எழுதுவது

சில உச்சிகளை விலக்கும்போது, அவை இருந்த விளிம்பு முழுதும் போகிறதா, அந்த உச்சிகள் மட்டும் கழன்று விளிம்பின் மிச்சம் நிற்கிறதா? இரண்டும் வழக்கில் உண்டு, இரண்டும் வேறு. ஒருவர் சுகமில்லாமல் வராத நாளில் இழுவையே நடக்கவில்லை என்பதா, பத்தொன்பது பேர் இழுத்தார்கள் என்பதா என்ற கேள்விதான் இது. பிள்ளையின் புதுக் கொப்பியில் இதற்கென்று ஒரு நிரலைத் தனியாகக் கோடு போட்டுக் கொடுத்திருக்கிறேன்.